இடது பக்கம் காதல் நாவல், வலது பக்கம் ஊர் வரலாறு: மட்டக்களப்பில் ஒரு பழைய புத்தகக்கடை

திருமலை வீதியிலிருந்து பிரியும் ஒழுங்கை ஒன்றில் இந்தக் கடை இருக்கிறது. பெயர்ப்பலகை கிடையாது. ‘ஐயாட புத்தகக்கடை’ என்று கேட்டால் ஒழுங்கை முகப்பில் ஓட்டோ வைத்திருக்கும் தம்பிமார் காட்டுவார்கள். கடை என்பது ஒரு வீட்டின் முன்விறாந்தையும் அதை ஒட்டிய அறையும்தான். வீடு ஐயாவின் மனைவிக்குச் சீதனமாக வந்தது. செருப்பைக் கழற்றிவிட்டு ஏறினால் இடது கைப்பக்கம் ஆங்கிலக் காதல் நாவல்கள், வலது கைப்பக்கம் மட்டக்களப்பு, அம்பாறை பற்றிய வரலாற்று நூல்கள், நடுவில் ஒரு நீள வாங்கு. இரண்டு பக்கத்துக்கும் ஒரே மாதிரி அலமாரி, ஒரே வெளிச்சம், ஒரே கவனிப்பு. இதைப் பற்றி எழுத வேண்டும் என்று எனக்குத் தோன்றியதே அதனால்தான்.

வேறு இடங்களில் காதல் நாவல்கள் மூலையில் கட்டுக்கட்டாகக் கிடக்கும். ஒன்றைக் கையில் எடுத்தால் கடைக்காரரின் பார்வை மாறும். ஊர் வரலாறு கேட்டால் அலமாரியின் பூட்டைத் திறக்க முன்னமே “என்னத்துக்குத் தங்கச்சி, ஆராய்ச்சியா?” என்று கேட்பார்கள். நான் ஆராய்ச்சிக்காரி இல்லை. கிரானில் பிறந்தவள். அரச அலுவலகம் ஒன்றின் காணிப் பிரிவில் கோப்புப் பார்க்கிறேன். பகல் முழுக்கக் காணி உறுதி, அனுமதிப்பத்திரம், எல்லைத் தகராறு. பின்னேரம் பஸ்ஸில் காதல் நாவல். ஞாயிற்றுக்கிழமைகளில் மட்டக்களப்பு வரலாறு. இந்த மூன்றும் எனக்குள் ஒன்றோடொன்று பேசத் தொடங்கியது இந்தக் கடையின் வாங்கில் உட்கார்ந்துதான்.

முதலில் இடது பக்கம். மில்ஸ் அன் பூன், ஹார்லெக்குவின் என்ற இரண்டு பெயர்களும்தான் கூட. மில்ஸ் அன் பூன் 1908 இல் லண்டனில் தொடங்கிய பதிப்பகம். ஹார்லெக்குவின் 1949 இல் கனடாவின் வினிப்பெக் நகரில் தொடங்கியது. 1971 இல் ஹார்லெக்குவின் மற்றதை வாங்கியது. 2014 இல் இரண்டையும் சேர்த்து ஹார்ப்பர்கொலின்ஸ் வாங்கியது. இந்தப் புத்தகங்கள் மாதாமாதம் வெளிவந்து, அந்த மாதம் முடிந்ததும் கடைத் தட்டிலிருந்து எடுக்கப்படுவதற்காகவே அச்சிடப்பட்டவை. விற்காமல் போனவற்றின் கதி என்ன தெரியுமா? இங்கிலாந்தில் எம்6 கட்டண நெடுஞ்சாலையைப் போட்டபோது, தாரோடு சேர்ப்பதற்காக ஏறத்தாழ 25 இலட்சம் மில்ஸ் அன் பூன் பிரதிகளைக் கூழாக்கினார்கள். 2003 இல் அது செய்தியாக வந்தது. பிறந்த நாட்டிலேயே றோட்டுக்கு அடியில் போன புத்தகத்துக்கு, புளியந்தீவுக்குப் பக்கத்தில் ஒரு வீட்டு விறாந்தையில் பொலித்தீன் உறை போட்டு வைத்திருக்கிறார்கள்.

ஐயா முன்பு அச்சகத்தில் எழுத்துக் கோர்த்தவர். உறை போடுவது, முதுகு பிரிந்ததைப் பசை வைத்து ஒட்டுவது, கரப்பான் வராமல் வேப்பிலை வைப்பது எல்லாம் அவருடைய கை. காதல் நாவல்களைத் தெரிவு செய்வதும் வாடகைக்குக் கொடுப்பதும் அவருடைய மனைவி. நாங்கள் மாமி என்போம். பெரும்பாலான புத்தகங்கள் கனடாவிலிருந்தும் லண்டனிலிருந்தும் லீவில் வந்த உறவினர்கள் விட்டுப்போனவை. 2004 சுனாமிக்குப் பிறகு தொண்டு நிறுவனங்களில் வேலை செய்ய வந்தவர்கள் அறையில் விட்டுச்சென்றவையும் இருக்கின்றன. மாமி கொழும்பிலிருந்து கட்டாக எடுப்பித்தவை மிச்சம்.

மாமியின் அலமாரியில் எனக்குப் பிடித்தது பண்ணைக் கதைகள். அமெரிக்காவின் மேற்குப் பகுதி, மொன்டானா, வயோமிங், டெக்சாஸ். இந்தக் காலத்துக் கதைகள்தான், கதாபாத்திரங்களின் கையில் கைத்தொலைபேசி இருக்கும், வங்கிக் கடன் இருக்கும், மாடும் குதிரையும் இருக்கும். காதல்தான் நடுவில் நிற்க வேண்டும், முடிவில் இருவரும் சேர வேண்டும் என்பது இந்த வகைக்கு எழுதப்பட்ட விதி. முடிவு தெரிந்துவிட்டால் ஏன் வாசிக்க வேண்டும் என்று என்னோடு வேலை செய்யும் ஒரு தம்பி கேட்டான். கண்ணகி வழக்குரை படிக்கும்போது முடிவு தெரியாமலா ஊர் கூடிக் கேட்கிறது? எப்படிப் போய்ச் சேர்கிறார்கள் என்பதில்தானே கதை இருக்கிறது.

இந்தக் கடையில் வேறெங்கும் இல்லாத ஒன்று, மாமியின் பென்சில் குறிப்பு. ஒவ்வொரு நாவலின் பின்னட்டைக்கு உட்புறமும் அவர் தமிழில் இரண்டு மூன்று வரி எழுதியிருப்பார். சிறிய, சாய்ந்த எழுத்து. சிலவற்றை இங்கே தருகிறேன். “பனி கூட. ஆனா மாடு கண்டு போடுற இடம் உண்மையா இருக்கு. பத்துக்கு எட்டு.” இன்னொன்றில்: “மனிசன் நல்லவன். காணி கடைசியில ஆருக்கு எண்டு எழுதல்ல. பத்துக்கு அஞ்சு.” வேறொன்றில்: “இத எழுதினவ மாட்டுப்பட்டிக்குக் கிட்டப் போனதே இல்ல.” பச்சை நிற முதுகு கொண்ட ஒரு பழைய புத்தகத்தில்: “மனைவி செத்த மனிசன்ட துக்கத்த இவ்வளவு பொறுமையா எழுதினத நான் வாசிக்கல்ல. இரவில தனிய இருக்கிற ஆக்கள் பாத்து எடுங்க.” இந்தக் கடைசிக் குறிப்பை வாசித்துவிட்டுத்தான் அதை எடுத்தேன். மாமி சொன்னது சரி.

இணையத்தில் ஆயிரம் பேர் நட்சத்திரம் போட்டிருப்பார்கள். மட்டக்களப்பில் இருந்து வாசிக்கிற ஒருத்திக்கு எது வேண்டும் என்று தெரிந்து எழுதிய மதிப்பீடு இந்தப் பென்சில் எழுத்துத்தான். காணி ஆருக்கு என்று கேட்கிறாரே, அந்த ஒரு கேள்வியில் இந்த நாவல் வகை முழுவதும் இருக்கிறது.

ஏனென்றால் பண்ணைக் காதல் கதைகளில் பாதிக்குமேல் ஒரு சாவிலும் ஒரு மரணசாசனத்திலும்தான் தொடங்குகின்றன. தாத்தா இறந்துவிடுவார். பண்ணையில் பாதி நகரத்தில் வேலை பார்க்கும் பேத்திக்கு, மற்றப் பாதி அதை இத்தனை காலம் பார்த்துவந்த அந்நிய ஆணுக்கு. ஒரு வருடம் அங்கேயே தங்கினால்தான் பங்கு, இல்லாவிட்டால் விற்பனை. பேத்தி விற்க வருகிறாள். அவன் விற்கவிடமாட்டான். நான் கடைசியாக எடுத்ததும் அப்படித்தான். அதில் இருவரும் முதன்முதலில் மனம்விட்டுப் பேசும் இடம் தண்ணீர்ப் பங்கு பற்றியது. அமெரிக்காவின் மேற்கில் ஓடையிலிருந்து யார் முதலில் தண்ணீர் எடுத்துப் பயன்படுத்தினாரோ அவருக்கே முதல் உரிமை, பிந்தி வந்தவர் காத்திருக்க வேண்டும். வறட்சி வருடத்தில் தன் தாத்தாவின் உரிமைத் திகதி பக்கத்துப் பண்ணையைவிடப் பழையது என்பதற்கான பத்திரத்தை அவள் தேடி எடுக்கிறாள். அவன் அவளை முதன்முதலில் மரியாதையோடு பார்க்கிறான். வட்டைக் கூட்டத்தில், அதாவது வயல்காரர் கூடும் கூட்டத்தில், தண்ணீர் முறைக்காக மல்லுக்கட்டியதைப் பார்த்து வளர்ந்தவர்களுக்கு இந்தக் காட்சி எவ்வளவு நெருக்கம் என்று சொல்லத் தேவையில்லை.

அம்மாவுக்கு ஆங்கிலம் வாசிக்க வராது. இரவுச் சாப்பாட்டுக்குப் பிறகு நான் கதையைச் சொல்வேன், அவர் வெற்றிலை மடித்தபடி கேட்பார். அப்பாவுக்குப் பட்டி இருந்த காலத்தில் அம்மா மாட்டுக்காரர் தங்கும் வாடியில் சமைத்துப் போட்டவர். மொன்டானாவில் கன்றுகளைக் கூட்டிச் சூடு போடும் காட்சியைச் சொன்னபோது, “குறி எந்தப் பக்கத் தொடையில?” என்று கேட்டார். நாவலில் இடது இடுப்பு என்று இருந்தது. அங்கே குறிகளை மாநில அரசில் பதிய வேண்டும், பத்து வருடத்துக்கு ஒருமுறை பதிவைப் புதுப்பிக்க வேண்டும், குறியைச் சொத்துப்போல விற்கலாம், பிள்ளைக்கு எழுதிவைக்கலாம். எங்கள் அப்பாவின் மாட்டில் குடிக்குறி (குடி என்பது எங்கள் பக்கத்துக் குலப்பிரிவு) ஒன்றும் சொந்தக் குறி ஒன்றுமாக இரண்டு இருக்கும். மாடு காட்டில் பிரிந்து வேறு பட்டியோடு சேர்ந்தாலும், எந்தக் குடி, எந்த ஆள் என்று பட்டிக்காரன் தூரத்திலிருந்தே சொல்லிவிடுவான். “அப்ப அங்கயும் குடி இருக்கா?” என்றார் அம்மா. அந்தக் கேள்விக்குப் பதில் தேடித்தான் வலது பக்க அலமாரிக்குப் போனேன்.

வலது பக்கம் ஐயாவுடையது. இங்கே வாடகை இல்லை. விற்பனைக்கு இருப்பவை கீழ்த்தட்டில். மேல்தட்டில் உள்ளவை வாங்கிலிருந்தே வாசிப்பதற்கு. எஃப். எக்ஸ். சி. நடராசா பதிப்பித்து 1962 இல் வந்த மட்டக்களப்பு மான்மியம், பண்டிதர் வி. சீ. கந்தையா எழுதி 1964 இல் வந்த மட்டக்களப்புத் தமிழகம், எஸ். ஓ. கனகரத்தினம் ஆங்கிலத்தில் எழுதி 1921 இல் வந்த மட்டக்களப்பு மாவட்டக் கைநூல், அமெரிக்க மானிடவியலாளர் டெனிஸ் மக்கில்வ்ரே அக்கரைப்பற்றில் இருந்து ஆய்ந்து 2008 இல் வெளியிட்ட பெரிய ஆங்கில நூல், பிறகு கோயில் மலர்கள், பாடசாலை நூற்றாண்டு மலர்கள், ஊர்ப்பெயர் ஆய்வுகள். கோயில் மலர்களை ஒதுக்கிவிடாதீர்கள். வண்ணக்கர் என்ற கோயில் பொறுப்பாளர் யார், எந்தக் குடிக்கு எந்தத் திருவிழா, தேர் வடம் யார் தொட வேண்டும் என்பதையெல்லாம் பெரிய நூல்களைவிட அவை விரிவாகச் சொல்லும்.

ஐயாவின் முறை மாமியின் முறைக்கு நேர்மாறு. புத்தகத்தில் எழுதமாட்டார். அச்சகக்காரரின் கண்ணால் பார்த்து, தனித் துண்டில் எழுதி உள்ளே வைத்திருப்பார்: இந்தப் பிரதியில் எந்தப் பக்கம் இல்லை, எந்தப் பக்கம் போட்டோக்கொப்பி, எங்கே அச்சுப்பிழை. இது எவ்வளவு பெரிய உதவி என்பது என்னைப்போல ஏமாந்தவர்களுக்குத் தெரியும். ஒருமுறை வேறொரு இடத்திலிருந்து பணம் கட்டி எடுப்பித்த பழைய நூலொன்றில் குடிகள் பற்றிய அத்தியாயத்தின் நடுப்பகுதியே இல்லை. சொன்னபோது “பழைய புத்தகம் அப்படித்தான்” என்று பதில் வந்தது. ஐயாவின் துண்டுக் காகிதம் அப்படி ஒரு பதிலுக்கு இடம் வைக்காது.

மான்மியத்தை முதன்முதலில் எடுப்பவர்களுக்கு ஒரு வார்த்தை. அது ஏட்டுச்சுவடிகளிலிருந்து சேர்த்த நூல். அதில் வரும் அரசர்களின் ஆண்டுக் கணக்கை வைத்து வரலாறு எழுதப் போனால் தலை சுற்றும். யாருக்கு எந்த நிலம், யாருக்கு எந்தக் கோயிலில் எந்த உரிமை என்று தலைமுறை தலைமுறையாகச் சொல்லிவந்த வாதமாக அதை வாசியுங்கள். அப்போது ஒவ்வொரு பக்கமும் உயிரோடு இருக்கும். உலகநாச்சி கதையை எடுங்கள். கலிங்கத்து இளவரசி, கூந்தலுக்குள் புத்தரின் புனிதப் பல்லை மறைத்துக்கொண்டு கடல் தாண்டி வருகிறாள். அரசன் மகிழ்ந்து என்ன வேண்டும் என்று கேட்க, பொன் கேட்கவில்லை, ஆளில்லாத நிலம் கேட்கிறாள். மண்முனை அவளுக்குக் கிடைக்கிறது. அங்கே குடிகளைக் கொண்டுவந்து இருத்துகிறாள். எங்கள் பகுதியின் ஆரம்பக் கதையிலேயே நிலம் பெண்ணின் பெயரில்தான் இருக்கிறது.

ஆடகசவுந்தரி கதை இன்னும் ஒருபடி மேல். சாதகம் சரியில்லை என்று குழந்தையைப் பெட்டியில் வைத்துக் கடலில் விடுகிறார்கள். பெட்டி இந்தக் கரையில் ஒதுங்குகிறது. வளர்ந்து உன்னாசகிரியில் அரசியாகிறாள். திருகோணமலையில் கோணேசர் கோயில் திருப்பணி செய்யும் குளக்கோட்டன் தன் நிலத்துக்குள் வந்துவிட்டான் என்று அவனைத் துரத்தப் படை அனுப்புகிறாள். படை அனுப்பியவள் முடிவில் அவனையே மணக்கிறாள். பகையில் தொடங்கிக் கல்யாணத்தில் முடிகிற கதை மாமியின் தட்டில் ஒரு வரிசை முழுக்க இருக்கிறது. எல்லை தாண்டி வந்த அயலான், நிலத்தை விட்டுக்கொடுக்காத பெண், முதலில் சண்டை. மொன்டானாவில் நடந்தால் காதல் நாவல், உன்னாசகிரியில் நடந்தால் புராணம் என்று பிரித்துவைக்க எனக்கு மனம் வரவில்லை. இதை ஐயாவிடம் சொன்னேன். கொஞ்சம் யோசித்துவிட்டு, “புள்ள, ஏடு எழுதினவனும் கேக்கிற ஆக்களப் பாத்துத்தானே எழுதியிருப்பான்” என்றார்.

அம்மாவின் கேள்விக்கு வருகிறேன். குடி என்பது தாய்வழி. நாங்கள் அம்மாவின் குடி, அப்பாவின் குடி இல்லை. ஒரே குடிக்குள் கல்யாணம் இல்லை. வீடு மகளுக்கு. மாப்பிள்ளை பெண் வீட்டுக்கு வந்து இருப்பார். இந்தக் கரையின் முக்குவர் சமூகத்துக்கு இருந்த பழைய சட்டத்தில் ஓர் ஆணின் முதுசம், அதாவது பரம்பரைச் சொத்து, அவன் பிள்ளைகளுக்கல்ல, சகோதரியின் பிள்ளைகளுக்குப் போனது. கிறிஸ்தோபர் பிரிட்டோ 1876 இல் அந்தச் சட்டத்தை நூலாக்கினார். மக்கில்வ்ரேயின் நூலில் எனக்கு மிகவும் பயன்பட்ட பகுதி, இதே தாய்வழிக் குடியும் பெண் வீட்டு வாழ்க்கையும் இந்தக் கரை முஸ்லிம்களிடமும் இருப்பதைக் காட்டுகிற இடம். அதை நான் வாங்கில் வாசித்துக்கொண்டிருந்தபோது பக்கத்தில் காத்தான்குடி ஆசிரியை ஒருவர் மாமியின் தட்டிலிருந்து எடுத்த நாவலோடு உட்கார்ந்திருந்தார். பக்கத்தைக் காட்டினேன். “இதுக்கு அமெரிக்காவிலிருந்து ஆள் வர வேணுமா தங்கச்சி? எங்கட வாப்பா ரெண்டு மகளுக்கும் வீடு கட்டி முடிச்சிட்டுத்தான் நிம்மதியா மூச்சு விட்டார்” என்றார். பிறகு அவர் கையிலிருந்த டெக்சாஸ் நாவலின் கதாநாயகன் கல்யாணம் முடித்துப் பெண்ணின் பண்ணைக்கே குடிபோகிறான் என்றும், அதை அங்குள்ளவர்கள் ஒரு மாதிரிப் பேசுகிறார்கள் என்றும் சொன்னார். இங்கே அது ஊர்வழக்கம்.

இனி என் அலுவலகத்து மேசை. 1935 ஆம் ஆண்டின் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தின் கீழ் அரச காணிக்கு அனுமதிப்பத்திரம் பெற்ற ஒருவர், தனக்குப் பிறகு காணி யாருக்கு என்று பின்னுரித்தாளரை நியமிக்காமல் இறந்தால், அட்டவணைப்படி மகனுக்கு மகளைவிட முன்னுரிமை, மூத்தவருக்கு இளையவரைவிட முன்னுரிமை. 2022 இல் திருத்தம் வரும்வரை அதுதான் சட்டம். வீடு மகளுக்கு என்று வாழ்ந்த ஊரில், அரசு கொடுத்த வயல் மூத்த மகனுக்கு. தாயோடு கடைசிவரை இருந்து பார்த்த மகள் வெறுங்கையோடு கோப்பின் முன்னால் நிற்பாள். அப்படி எத்தனையோ முகங்களைப் பார்த்திருக்கிறேன். அமெரிக்காவின் 1862 குடியேற்றச் சட்டம் ஐந்து வருடம் இருந்து பண்படுத்தினால் 160 ஏக்கர் கொடுத்தது. மணமாகாத பெண்ணும் தன் பெயரில் விண்ணப்பிக்கலாம். பண்ணை நாவல்களில் ‘கொள்ளுப்பாட்டி பதிந்த நிலம்’ என்று வருவது கற்பனை இல்லை. ஆனால் அந்த நிலம் அதற்கு முன் யாருடையது என்பதை நான் வாசித்தவற்றில் பெரும்பாலானவை கேட்பதே இல்லை. அங்கே வாழ்ந்த பூர்வகுடிகள் கதையில் ஓரமாக ஒரு மலையின் பெயராக மட்டும் மிஞ்சியிருப்பார்கள். மான்மியத்தை வாசித்த கண்ணோடு பார்க்கும்போது இந்தக் குறை பளிச்சென்று தெரியும். எங்கள் நூல்களிலும் அதே குறை உண்டு. வாகரைப் பக்கத்துக் கரையோர வேடர்களைப் பற்றி இந்த வலது அலமாரியில் ஒரு கைப்பிடி அளவுகூட இல்லை.

மேய்ச்சல் தரையைப் பற்றியும் சொல்ல வேண்டும். பக்கத்துப் பண்ணைக்காரன் வேலியை நகர்த்தினான், மாட்டை அடைத்துவைத்தான் என்று நாவலில் வரும்போது நான் எங்கள் மாவட்டத்து மேய்ச்சல் தரைகளான மயிலத்தமடுவையும் மாதவணையையும் நினைக்காமல் வாசித்ததில்லை. அந்தத் தரைகளுக்காக 2023 செப்டெம்பரில் சித்தாண்டியில் பண்ணையாளர்கள் றோட்டோரத்தில் கொட்டில் போட்டு உட்கார்ந்தார்கள். எங்கள் உறவுக்காரரும் அதில் இருந்தார்கள். நாவலில் இருநூறு பக்கத்துக்குள் வேலி சரியாகிவிடும். அந்த நம்பிக்கை எனக்கு வேண்டியிருக்கிறது. மறைக்காமல் சொல்கிறேன், பின்னேர பஸ்ஸில் அந்த நம்பிக்கைக்காகத்தான் வாசிக்கிறேன். அந்தப் பிரச்சினை எங்கிருந்து தொடங்கியது என்று தெரிந்துகொள்ள வலது பக்க அலமாரி வேண்டும்.

சரி, காசு விஷயம். காதல் நாவல் ஒரு கிழமைக்கு 50 ரூபாய் வாடகை, ஆரம்பத்தில் 500 ரூபாய் முற்பணம். விலைக்கு வேண்டுமென்றால் 200 இலிருந்து 400 வரை. புதிதாக வெளிநாட்டிலிருந்து எடுப்பிக்கும் விலையோடு ஒப்பிட்டால் ஒன்றுமே இல்லை. வரலாற்று நூல்களுக்கு விலை எழுதப்பட்டிருக்காது, ஐயாவிடம் கேட்க வேண்டும். இது எனக்குப் பிடிக்கவில்லை. அவர் கூட்டிச் சொல்கிறவர் இல்லை, ஆனால் முதன்முதலில் வருகிற ஒரு மாணவி கேட்கத் தயங்கித் திரும்பிப் போவதை நான் பார்த்தேன். கீழ்த்தட்டில் உள்ளவற்றுக்காவது விலை ஒட்ட வேண்டும்.

வேறு குறைகளும் இருக்கின்றன. தொடர் நாவல்களில் நடுப்பாகம் கிடைக்காது. மூன்று சகோதரர்களின் கதையில் மூத்தவனும் கடைசித் தம்பியும் தட்டில் இருப்பார்கள், நடுவில் உள்ளவனைக் காணோம். மாரிக்காலத்தில் அறைக்குள் ஈரம். கார்த்திகை, மார்கழியில் கடை திறந்திருக்குமா என்று நிச்சயமில்லை, போனுக்கும் பதில் வருவது அபூர்வம். மேல்தட்டு நூல்களைப் படம் எடுக்க விடமாட்டார்கள். அதை நான் குறையாகச் சொல்லமாட்டேன், ஒட்டுப்போட்ட முதுகை விரித்துப் பிடித்தால் என்ன ஆகும் என்று அச்சகக்காரருக்குத் தெரியும். அம்பாறைப் பக்கம்தான் உண்மையான இடைவெளி. கல்முனை, திருக்கோவில், பாணமை என்று தேடிப் போனால் ஏமாற்றமே. கல்லோயா நீர்ப்பாசனக் குடியேற்றத் திட்டம் வந்தபிறகு அந்தப் பக்கக் காணி எப்படி மாறியது என்று சொல்ல ஒரு நல்ல தமிழ் நூல் இந்தத் தட்டில் இல்லை. தமிழ்க் காதல் நாவல்களும் மிகக் குறைவு, ரமணிசந்திரன் வாசகிகள் இங்கே வந்தால் ஐந்து நிமிடத்தில் பார்த்து முடித்துவிடுவார்கள்.

பழைய நூல்கள் பல ‘நூலகம்’ இணையத்தில் இலவசமாகக் கிடைக்கின்றனவே என்று கேட்கலாம். ஓம், கிடைக்கின்றன, நானும் அங்கே வாசிக்கிறேன், அதைச் செய்கிறவர்களுக்கு நன்றி சொல்ல வார்த்தை போதாது. ஆனால் திரையில் மான்மியத்தைத் திறந்து வைத்திருக்கும்போது பக்கத்தில் காத்தான்குடி ஆசிரியை உட்கார்ந்து வாப்பாவின் வீட்டைப் பற்றிச் சொல்லமாட்டார். வந்தாறுமூலையிலிருந்து வரும் பல்கலைக்கழகப் பிள்ளைகள், ஆஸ்பத்திரியில் இரவுக் கடமை முடித்துவிட்டு நாவல் மாற்ற வரும் தாதியர், வயல்களுக்குப் பொறுப்பாக இருந்து ஓய்வுபெற்று இப்போது தன் குடியைத் தேடும் வட்டைவிதானை, எல்லோருக்கும் ஒரே வாங்கு. அங்கே யாரும் யாருடைய புத்தகத்தையும் குறைவாகப் பார்ப்பதில்லை. மாமி அதை விடமாட்டார்.

முதல்முறை போகிறவர்கள் சனிக்கிழமை காலை ஒன்பதரைக்குப் பிறகு போங்கள். அந்த நேரம் மாமி முன்னால் இருப்பார். பண்ணைக் கதை வேண்டும் என்றால் “பட்டிக் கதை” என்று கேளுங்கள், அவர் அப்படித்தான் பிரித்து வைத்திருக்கிறார். மட்டக்களப்புத் தமிழகத்தை வாசிக்க நினைப்பவர்கள் சாப்பாடு, மந்திரம், வழிபாடு பற்றிய பகுதிகளிலிருந்து தொடங்கினால் இலகு.

கடைக்காரர்களிடம் ஒரு வேண்டுகோளும் இருக்கிறது. மாமி வலது பக்க நூல்களையும் வாசித்தவர், மான்மியத்தைப் பற்றி என்னோடு மணிக்கணக்காகப் பேசியிருக்கிறார். அந்த நூல்களுக்கும் அவருடைய குறிப்பு வேண்டும். புத்தகத்தில் எழுதத் தேவையில்லை, ஐயாவின் துண்டோடு இன்னொரு துண்டாக வைத்தால் போதும். இதை மாமியிடம் கேட்டேன். “ஐயா சம்மதிச்சா நாளைக்கே எழுதுவன் மகள்” என்றார். ஐயா, இதை வாசித்தால் சம்மதியுங்கள்.